செவிலியர் சொல்லும் நோயுற்றோர் நம்பிக்கையும்

(வெள்ளி விழாக் கருத்தரங்கில் நிகழ்த்திய உரையின் எழுத்து வடிவம்)





நம் கல்விச் சங்கம் இருபத்தைந்து ஆண்டுகளை நிறைவு செய்கின்ற இந்நன்னாளில், பள்ளியில் சேர்ந்தோர் எத்தனை பேர், தேர்ச்சி பெற்றோர் எத்தனை பேர், அரசுப் பணியில் அமர்ந்தோர் எத்தனை பேர் என்னும் கணக்குகளைக் கேட்டு மகிழ்ந்தோம். அக்கணக்கினுள் செவிலியர் பயிற்சி முடித்து, மருத்துவமனைகளிலும் ஆரம்ப சுகாதார நிலையங்களிலும் பணியாற்றுகின்ற நம் பெண்மக்களும் அடங்குவர். அவர்களை முன்னிறுத்தியே, செவிலியரும் நோயுற்றோரும் ஒருவரோடொருவர் பேசிக்கொள்ளும் முறையைப் பற்றிச் சில கருத்துகளை இங்கே சொல்ல விரும்புகிறோம்.

இது மருத்துவமனைக்குள் பேசவேண்டிய செய்தியாயிற்றே, கல்விச் சங்கத்தின் மேடைக்கு இது எதற்கு எனச் சிலர் எண்ணக்கூடும். நம் பாட்டன் பாட்டி காலத்தில் நாம் கட்டிலின் ஒரு பக்கத்தில் மட்டுமே இருந்தோம். அந்தக் கட்டிலும் பலருக்குக் கிடைத்ததில்லை. இன்று கட்டிலின் இருபக்கமும் நாம் இருக்கிறோம். படுத்திருப்போரும் நம்மவர், சீருடை அணிந்து அருகில் நிற்போரும் நம்மவர். இந்த மாற்றத்தைக் கொண்டுவந்தது கல்வி. ஆகவே, அருகில் நிற்போர் படுத்திருப்போரிடம் எவ்வாறு பேசுகின்றனர் என்பது நாம் பெற்ற கல்வியின் தரத்தை அளக்கும் அளவுகோலாகவும் அமைகின்றது.

திருவள்ளுவர் மருந்து என்னும் அதிகாரத்தின் இறுதியில் மருத்துவத்திற்கு நான்கு உறுப்புகளைக் கூறுகின்றார். நோயுற்றவர், நோய் தீர்ப்பவர், மருந்து, உடனிருந்து மருந்தைக் கொடுப்பவர் என்பன அவை. நான்காமவரைக் குறிக்க அவர் ஆளும் சொல் உழைச்செல்வான் என்பது. பக்கத்திலேயே இருந்து கவனிப்பவர் என்று அதற்குப் பொருள். நோயாளியிடம் நாள் முழுவதும் இருப்பவர் அவரே. மருத்துவர் வந்து பார்த்துச் சென்றபின், அவர் சொன்னதை நோயாளிக்கு விளக்குபவரும், நோயாளி சொல்லத் தயங்கியதை மருத்துவருக்கு எட்டச் செய்பவரும் அவரே.

செவிலி என்னும் சொல்லுக்கும் நம் இலக்கியத்தில் ஆழ்ந்த வரலாறு உண்டு. அகப்பாடல்களில் செவிலித்தாய் தலைவியைப் பேணி வளர்ப்பவள். அறத்தொடு நிற்றல் என்னும் மரபின்படி, தலைவி தன் உள்ளத்தில் மறைத்து வைத்ததைத் தோழியிடம் சொல்லுவாள். தோழி செவிலிக்குச் சொல்லுவாள். செவிலி நற்றாய்க்குச் சொல்லுவாள். வீட்டாரிடம் நேரே சொல்லமுடியாத உண்மை செவிலியின் வழியாகவே உரிய இடத்தைச் சென்றடையும். நர்சு என்னும் சொல்லுக்கு ஈடாக இப்பெயரை நாம் வழங்குவது எவ்வளவு பொருத்தம்! உண்மையை அச்சமின்றி ஒப்படைக்கத் தகுந்தவளே செவிலி. அவளிடம் உண்மை வந்து சேராவிட்டால் மருத்துவர் எழுதும் மருந்து குறி தவறும்.

உண்மை எப்பொழுது வந்து சேரும்? மதிக்கப்படுகிறோம் என்று நோயுற்றவர் உணரும்பொழுதே வந்து சேரும். நாம் இன்று சொல்ல வந்த கருத்து இந்த ஒன்றுதான். ஏனையவெல்லாம் இதன் விளக்கங்கள்.

நம் மக்களுக்கு இது வெறும் நாகரிகச் செய்தியன்று, உயிர்ச் செய்தி. 1929ஆம் ஆண்டு டிசம்பரில் காந்தியடிகளின் யங் இந்தியா இதழில் கத்தியவார் பகுதியைச் சேர்ந்த தாழ்த்தப்பட்ட வகுப்பு ஆசிரியர் ஒருவரின் கடிதம் வெளியாயிற்று. அண்ணல் அம்பேத்கர் விசாவுக்காகக் காத்திருத்தல் என்னும் தம் நினைவுக் குறிப்புகளில் அக்கடிதத்தை எடுத்துக் காட்டியிருக்கின்றார். பிள்ளை பெற்ற சில நாள்களில் ஆசிரியரின் மனைவி நோயில் விழுந்தார். மருத்துவர் சேரிக்குள் வர மறுத்தார். ஊர்ப் பெரியவர்கள் கட்டணத்திற்குப் பொறுப்பேற்று மன்றாடிய பிறகு, சேரிக்கு வெளியே கொண்டுவந்தால் பார்ப்பதாக இசைந்தார். பச்சை உடம்போடு அப்பெண் வெளியே கொண்டுவரப்பட்டார். மருத்துவர் வெப்பமானியை ஓர் இசுலாமியரிடம் கொடுத்தார். அவர் அதைக் கணவரிடம் கொடுத்தார். கணவர் மனைவியிடம் கொடுத்தார். அதே வழியில் அது திரும்பிச் சென்றது. விளக்கொளியில் அதைப் பார்த்த மருத்துவர், நுரையீரல் அழற்சி என்று கூறிவிட்டுப் போனார். அதன் பின் அவர் வந்து பார்க்கவில்லை. அப்பெண் இறந்துபோனார்.

இந்நிகழ்ச்சியில் மருத்துவர் இருந்தார், கருவி இருந்தது, மருந்தும் அனுப்பப்பட்டது. இல்லாமற்போனவை இரண்டு: நாடி பார்க்கும் கையும், "உனக்கு என்ன செய்கிறது, தாயே?" என்று கேட்கும் வாயும். படித்தவரிடத்தும் அவை இல்லாமற்போனமையை நாம் நினைவில் கொள்ளவேண்டும்.

இன்று சட்டம் நம் பக்கம் நிற்கின்றது. அரசியலமைப்பின் 17ஆம் உறுப்பு தீண்டாமையை ஒழித்தது. 1955ஆம் ஆண்டின் சட்டம், தீண்டாமை காரணமாக மருத்துவமனையில் சேர்க்க மறுப்பதைக் குற்றமாக்கியது. 1989ஆம் ஆண்டின் வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில் 2015ஆம் ஆண்டு செய்யப்பட்ட திருத்தம், மருத்துவமனைக்குள்ளும் ஆரம்ப சுகாதார நிலையத்திற்குள்ளும் நுழையவிடாமல் தடுப்பதை வெளிப்படையாகவே குறிப்பிட்டது. வாயிற்கதவு திறந்துவிட்டது. ஆனால் உள்ளே சென்றபின் எவ்வளவு நேரம் பேசினார்கள், தொட்டுப் பார்த்தார்களா, மருந்தைக் கையில் கொடுத்தார்களா என்பவற்றைக் காவல் நிலையத்தில் எழுதிக் கொடுப்பது எளிதன்று. குசராத்து, இராசத்தான் கிராமங்களில் தலித் குழந்தைகள் மருத்துவ உதவி பெறும் நிலையைப் பற்றி 2010இல் வெளிவந்த ஆராய்ச்சியாளர் சங்கமித்திர ஆச்சார்யாவின் ஆய்வு, தொடுதலிலும் மருந்து கொடுத்தலிலும் பேசுதலிலும் பாகுபாடு நிலவுவதை எடுத்துக்காட்டியது. சட்டம் புகமுடியாத அந்த இடத்தில் செவிலியரின் மனச்சான்றுதான் புகவேண்டும்.

முதலில், விளிக்கும் முறையைப் பார்ப்போம். நம் ஊர்களில் நரைத்த தலையுடைய பெரியவர்களைப் பால்மணம் மாறாத சிறுவர்களும் பெயர் சொல்லி ஒருமையில் அழைத்த வழக்கத்தை நாம் அறிவோம். சில இடங்களில் அது இன்னும் மறையவில்லை. அப்படி அழைக்கப்பட்டே வாழ்ந்த முதியவர் ஒருவர் மருத்துவமனைக்கு வருகின்றார். அங்கும் "ஏய், இங்கே வா", "எத்தனை தடவை சொல்வது உனக்கு?" என்னும் குரல் கேட்டால், தமக்குப் பழக்கமான இடத்திற்கே வந்துவிட்டதாக அவர் உணர்கின்றார். பழக்கமான இடத்தில் அவர் கற்ற பாடம், வாயைத் திறக்காமல் தலையை ஆட்டுவது. நோயின் வரலாறு அந்தத் தலையாட்டலில் புதைந்து போகின்றது.

"வாங்க ஐயா, உட்காருங்க" என்று சொல்லக் கூடுதல் நேரம் தேவையில்லை. பெயரோடு அம்மா, ஐயா, பாட்டி, அண்ணா என ஏதேனும் ஓர் உறவுச் சொல்லைச் சேர்க்கச் செலவும் இல்லை. "ஏழாம் நம்பர்", "அந்தச் சர்க்கரைக் கேஸ்" என்று கட்டிலையும் நோயையும் கொண்டு மனிதரை அழைப்பதை விட்டுவிடலாம். பதிவேட்டில் எழுதும்பொழுது எண் வேண்டும். முகத்தைப் பார்க்கும்பொழுது பெயர் வேண்டும்.

இரண்டாவது, கேட்கும் முறை. நோவைச் சொல்லத் தமிழில் எத்தனை சொற்கள்! குத்துகிறது, குடைகிறது, எரிகிறது, கடுக்கிறது, இழுக்கிறது, கரிக்கிறது, அடைக்கிறது, விண்விண் என்று தெறிக்கிறது. இவை ஒவ்வொன்றும் வெவ்வேறு குறிப்பைத் தருவன. எழுத்தறியாத தாயும் இவற்றுள் சரியான சொல்லைத் தேர்ந்தே சொல்லுகின்றாள். அதைக் கேட்டு "வலி" என்னும் ஒரே சொல்லாக எழுதிவிடும்பொழுது அவள் தந்த அறிவு வீணாகின்றது. நெஞ்சு கரிப்பதும் நெஞ்சு அடைப்பதும் ஒன்றன்று. "வாய்வுதான், வேறொன்றுமில்லை" என்று நோயாளியே சொல்லுகின்ற நெஞ்சுநோவு, மாரடைப்பாக இருந்து உயிரைக் கொண்டுபோவதும் உண்டு. வியர்க்கிறதா, இடக்கைக்கோ தாடைக்கோ நோவு பரவுகிறதா, மூச்சு வாங்குகிறதா என்று இரண்டு மூன்று கேள்விகளைப் பொறுமையாகக் கேட்கும் செவிலி அந்த உயிரைக் காக்க வழி செய்கின்றாள்.

பெண்கள் தம் உடலைப் பற்றிக் குறிப்பாகவே பேசுவர். முழுகாமல் இருக்கிறேன் என்றால் கருவுற்றிருப்பதாகப் பொருள். வீட்டுக்கு விலக்கு என்றால் மாதவிலக்கு. ஊருக்கு ஊர் இவ்வழக்குகள் மாறும். வெளியூரிலிருந்து பணிக்கு வரும் செவிலி அவ்வூர் வழக்குகளை முதல் மாதத்திலேயே கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டும். "தெளிவாகச் சொல்லத் தெரியாதா?" என்று பலர் முன்னிலையில் அதட்டினால், அடுத்த முறை அப்பெண் வரமாட்டாள், வந்தாலும் சொல்லமாட்டாள்.

குடிப்பழக்கம், கருக்கலைப்பு, கணவனின் அடி, நாட்டு மருந்து, இடையில் நிறுத்திய மாத்திரை ஆகியவற்றை யாரும் எளிதில் ஒப்புக்கொள்ளார். இவற்றைத் தனியாக, தணிந்த குரலில், குற்றம் சாட்டாமல் கேட்கவேண்டும். "மாத்திரையை ஒழுங்காகச் சாப்பிட்டாயா?" என்று கேட்டால் "சாப்பிட்டேன்" என்னும் விடையே கிடைக்கும். "வேலைக்குப் போகிறவர்களுக்குச் சில நாள் மாத்திரை தவறிப்போவது உண்டு, உங்களுக்கு இந்த வாரம் எத்தனை நாள் தவறியது?" என்று கேட்டால் உண்மை வெளிவரும். வந்த உண்மையை வார்டு முழுவதும் ஒலிபரப்பாமல் காப்பதும் செவிலியின் கடமையே.

மூன்றாவது, சொல்லும் முறை. "உணவுக்கு முன் மூன்று வேளை" என்பது எளிய செய்தியாகத் தோன்றும். விடியற்காலையில் நீராகாரம் குடித்துவிட்டு வயலுக்கோ கட்டட வேலைக்கோ செல்பவர், நடுப்பகலில் கிடைத்ததை உண்டு இரவில் மட்டும் சோறு பொங்கும் வீட்டைச் சேர்ந்தவர், எது முதல் வேளை என்று எப்படி முடிவு செய்வார்? சர்க்கரை நோய்க்கு ஊசி போட்டுக்கொண்டு உண்ணாமல் வேலைக்குப் போனால், உடல் நடுங்கி வியர்த்து மயங்கி விழ நேரிடும். ஆகவே, "நீங்கள் எத்தனை மணிக்கு எழுந்திருக்கிறீர்கள்? எப்பொழுது சாப்பிடுவீர்கள்?" என்று கேட்டறிந்த பின்னரே மருந்தின் வேளையைச் சொல்லவேண்டும். அவர் வாழ்க்கை முறைக்கு அது ஒவ்வாதெனில் மருத்துவரிடம் எடுத்துச்சொல்ல வேண்டும்.

கருவுற்ற தாய்மாருக்கு இரும்புச் சத்து மாத்திரை கொடுக்கப்படுகின்றது. அதை உண்டால் மலம் கறுத்துப் போகும். அது மாத்திரையின் இயல்பு, கேடு ஒன்றுமில்லை. இந்த ஒரு சொல்லை முன்கூட்டியே சொல்லாவிட்டால், தாய் அஞ்சி மாத்திரைகளைக் குப்பையில் போட்டுவிடுவாள். தேநீரோடு சேர்த்து உண்டால் சத்து உடலில் சேர்வது குறையும் என்பதையும் சொல்லவேண்டும். வயிற்றுப்போக்கு கண்ட குழந்தைக்கு உப்புச் சர்க்கரைக் கரைசல் கொடுக்கச் சொல்லுகிறோம். பொட்டலம் கிடைக்காதபொழுது, காய்ச்சி ஆறவைத்த ஒரு லிட்டர் நீரில் தலைதட்டிய ஆறு தேக்கரண்டிச் சர்க்கரையும் அரைத் தேக்கரண்டி உப்பும் கலக்கவேண்டும். தேக்கரண்டி என்பது 5 மில்லி லிட்டர் கொள்ளும் சிறு கரண்டி. வீட்டிலுள்ள குழம்புக் கரண்டியைத் தாய் எடுத்துவிட்டால் உப்பு மிகுந்து குழந்தைக்குத் தீங்காகும். வாயால் சொல்வதோடு நில்லாமல், கரண்டியைக் காட்டி, ஒரு முறை கலந்து காட்டுதல் நலம்.

சொல்லி முடித்ததும் "புரிந்ததா?" என்று கேட்பது நம் வழக்கம். "சரிங்கம்மா" என்பது அதற்குரிய விடை. இக்கேள்வியாலும் விடையாலும் பயனொன்றும் இல்லை. புரியவில்லை என்று சொல்வது அவமானம் என எண்ணி வளர்ந்தவர்கள் நம் மக்கள். "நான் சரியாகச் சொன்னேனா என்று பார்க்கவேண்டும், வீட்டுக்குப் போய் இந்த மாத்திரையை எப்படிச் சாப்பிடுவீர்கள், சொல்லுங்கள்" என்று கேட்டுப் பாருங்கள். தவறு எங்கே என்று உடனே தெரிந்துவிடும். தவறினால் குறை சொன்னவரைச் சேர்ந்தது, கேட்டவரைச் சேர்ந்ததன்று. படிக்கத் தெரியாதவர்க்குக் காலை மாத்திரை உறையில் சூரியனையும் இரவு மாத்திரை உறையில் பிறையையும் வரைந்து கொடுக்கலாம். ஒரே நேரத்தில் பத்துச் செய்திகளைக் கொட்டாமல், மிக இன்றியமையாத மூன்றைச் சொல்லி அனுப்பலாம்.

"இவர்களுக்கு எவ்வளவு சொன்னாலும் ஏறாது" என்று கூறுவோர் இன்றும் உளர். அவர்களுக்கு விடை சென்னையிலேயே அறுபது ஆண்டுகளுக்கு மேலாக ஆவணமாய் இருக்கின்றது. 1956ஆம் ஆண்டு சென்னையில் காசநோய் மருத்துவ ஆராய்ச்சி மையம் தொடங்கப்பட்டது. நெரிசலான பகுதிகளில் வாழ்ந்த ஏழை நோயாளிகளில் ஒரு சாராரைச் சானடோரியத்தில் சேர்த்தும், மற்றொரு சாராரை அவர்தம் வீட்டிலேயே வைத்தும் ஓராண்டுக் காலம் ஒரே மருந்துகளைக் கொடுத்துப் பார்த்தனர். நல்ல உணவும் ஓய்வும் காற்றோட்டமும் இல்லாத குடிசைகளில் இருந்தோர் தேறமாட்டார் என்பது அந்நாளைய எண்ணம். 1959இல் முடிவுகள் வெளியாயின. வீட்டிலிருந்தோரும் சானடோரியத்தில் இருந்தோரைப் போலவே தேறினர். அவர்தம் குடும்பத்தார்க்கு அதனால் கூடுதலாக நோய் பரவவும் இல்லை. உலகம் முழுவதும் காசநோய் மருத்துவத்தின் போக்கை மாற்றிய ஆராய்ச்சி இது. அதன் பின்னே மருந்து மட்டுமா இருந்தது? வீடு வீடாகச் சென்று, மாத்திரைகளை எண்ணிப் பார்த்து, குடும்பத்தாரோடு பேசிய சுகாதாரப் பணியாளர்களும் இருந்தனர். ஏழையின் குடிசை வாயிலில் நின்று விளக்கிச் சொன்னால் ஏழை கேட்கிறான் என்பதை உலகிற்கு மெய்ப்பித்தது நம் ஊர். இன்றும் சாதாரணக் காசநோய்க்கு ஆறு மாதம் மருந்து உண்ணவேண்டும். இரண்டு மாதத்தில் இருமல் நின்று உடல் தேறியதும் மருந்தை நிறுத்திவிடுவோர் பலர். நோய் திரும்பவும், மருந்துக்கு அடங்காமல் போகவும் அது இடம் தரும். "இருமல் நின்றாலும் கிருமி சாகவில்லை" என்னும் சொல்லை உரிய நாளில் சொல்லும் செவிலி ஒரு குடும்பத்தையே காக்கின்றாள்.

நான்காவது, சொல்லாமல் சொல்லும் முறை. செவிலியர் கல்வியின் முன்னோடியான ஃபிளாரன்ஸ் நைட்டிங்கேல் 1859இல் வெளிவந்த தம் நூலில் நோயாளியிடம் பேசும் முறைக்குத் தனி இடம் கொடுத்திருக்கின்றார். நோயாளி தலையைத் திருப்பாமலே பார்க்கக்கூடிய இடத்தில் அமர்ந்து பேசுக, வாயிற்படியில் நின்றபடி பேசாதே, அவர் காதில் அரைகுறையாக விழும்படி கிசுகிசுக்காதே, பொய்யான ஆறுதல்களைச் சொல்லி அலுப்பூட்டாதே என்பன அவர் கூறிய அறிவுரைகளின் சாரம். நின்றுகொண்டு ஐந்து நிமிடம் பேசுவதைவிட அமர்ந்து இரண்டு நிமிடம் பேசுவது நோயாளிக்கு நிறைவு தரும். அமர்வதும், கண்ணைப் பார்ப்பதும், தோளைத் தொடுவதும் பேச்சின் பகுதிகளே. நம் மக்களைப் பொறுத்தவரை தொடுதல் எல்லாச் சொற்களினும் பெரிய சொல். நெற்றியில் கை வைத்துப் பார்க்கும் செவிலி, நூறு மேடைப் பேச்சுகள் சொல்லமுடியாததைச் சொல்லிவிடுகின்றாள்.

பிள்ளைப்பேற்று அறையைப் பற்றித் தனியே கூறவேண்டும். வலியில் துடிக்கும் பெண்ணை ஏசுவதும், கொச்சையாகப் பேசுவதும், சில வேளை அடிப்பதும் உலகின் பல நாடுகளில் நிகழ்வதாகக் கண்டு, உலக சுகாதார நிறுவனம் 2014ஆம் ஆண்டு அவற்றைக் கண்டித்து அறிக்கை வெளியிட்டது. நம் நாட்டில் 2017இல் தொடங்கிய லக்சயா திட்டமும் மதிப்போடு கூடிய மகப்பேற்றுக் கவனிப்பை வலியுறுத்துகின்றது. ஏழையெனவும் சாதியில் தாழ்ந்தவளெனவும் கருதப்படும் பெண்ணின்மீதே அந்த ஏச்சு முதலில் பாயும் என்பது சொல்லாமலே விளங்கும். இங்கு அமர்ந்திருக்கும் நம் செவிலியர் மகளிரே, அந்த அறையில் பிறர் ஏசும்பொழுது நீங்கள் வாளாவிருத்தல் ஆகாது. ஏசிய வாயை அடக்க முடியாவிட்டாலும், ஏச்சு வாங்கிய பெண்ணின் கையையாவது பிடித்துக்கொள்ளுங்கள்.

இனி, செவிலியர் தரப்பின் நியாயத்தையும் சொல்லாவிடில் இவ்வுரை ஒருதலைப் பட்சமாகும். இரவுப் பணியில் ஒரே செவிலி ஒரு வார்டு முழுவதையும் பார்த்துக்கொள்ள வேண்டிய நிலை பல இடங்களில் உண்டு. பதிவேடுகள் பெருகியிருக்கின்றன. ஒப்பந்த முறையில் குறைந்த ஊதியத்தில் பணிபுரிவோர் உளர். ஓய்வில்லாத உடம்பிலிருந்து இனிய சொல் எப்பொழுதும் வாராது. ஆகவே செவிலியரின் எண்ணிக்கையைக் கூட்டவும் பணி நிரந்தரம் வழங்கவும் கோருவது, நோயாளிகளுக்காகக் கோருவதே ஆகும். நோயாளியின் உறவினர் சினம் கொண்டு செவிலியரைத் தாக்குவதையும் கேள்விப்படுகிறோம். மருத்துவர் இல்லாத குறைக்கும் மருந்து இல்லாத குறைக்கும் கண்முன் நிற்கும் பெண்ணை அடிப்பது என்ன நியாயம்?

நம் வகுப்பைச் சேர்ந்த செவிலியருக்கு மற்றுமொரு துன்பமும் உண்டு. "எந்த ஊர், எந்தத் தெரு?" என்று நோயாளி விசாரிப்பார். அவ்விசாரணை எங்கே செல்கின்றது என்பது இருவருக்கும் தெரியும். கிராம சுகாதாரச் செவிலியர் வீடு தேடிச் சென்றால், திண்ணைக்குக் கீழேயே நிறுத்திப் பேசும் வீடுகளும் இருக்கின்றன. அவ்வேளையில் என்ன செய்வது? தெருவின் பெயரை மறைக்க வேண்டுவதில்லை. அதைச் சொல்லியே தீரவேண்டும் என்னும் கட்டாயமும் இல்லை. "நான் உங்கள் செவிலி, குழந்தைக்குத் தடுப்பூசி போட வந்திருக்கிறேன்" என்பதே போதுமான விடை. ஊசியைப் போடுங்கள், நடந்ததைத் தேதியிட்டு எழுதி மேலதிகாரிக்கு அனுப்புங்கள், நம் சங்கத்திற்கும் தெரிவியுங்கள். இழிவுபடுத்தியவரின் குழந்தைக்கும் அதே கனிவோடு மருந்து கொடுப்பது பணிவு அன்று. அது கல்வி தந்த உயர்வு. பெண் கல்விக்காகச் சாணியையும் கல்லையும் ஏற்ற அன்னை சாவித்திரிபாய் பூலே, புனே நகரைப் பிளேக் தாக்கியபொழுது நோயுற்றோருக்குத் தொண்டாற்றி, அந்நோய்க்கே ஆளாகி 1897 மார்ச்சு 10ஆம் நாள் உயிர் துறந்தார். ஆசிரியராகத் தொடங்கிய வாழ்வு செவிலியாக நிறைவெய்தியது.

அதே வேளையில் ஓர் எச்சரிக்கையும் உண்டு. அடக்கப்பட்டவர் சீருடை அணிந்தபின் தம்மை அடக்கியவரின் குரலையே இரவல் வாங்கிக்கொள்வதும் உலகியற்கை. "நம்ம ஆளுங்களைப் பற்றி எங்களுக்குத் தெரியாதா?" என்று கூறி நம் தாய்மாரையே அதட்டும் குரல் நம் செவிலியரிடமிருந்து வந்தால், வேற்றாரின் அதட்டலைவிட அது ஆழமாய்ச் சுடும். அக்குரலை நாம் வளரவிடக் கூடாது.

செவிலியருக்கு மட்டும் அறிவுரை கூறிவிட்டு நாம் கலைந்து போவோமாயின் பயனில்லை. நோயாளியாகச் செல்லும் நாமும் பேசக் கற்றுக்கொள்ள வேண்டும். மருத்துவமனைக்குப் போகும்பொழுது பழைய சீட்டுகளையும் உண்டுவரும் மாத்திரைகளையும் ஒரு பையில் எடுத்துச் செல்லுதல், நோவு எப்பொழுது தொடங்கியது என்பதை முன்பே நினைத்து வைத்தல், புரியாததை "இன்னொரு முறை சொல்லுங்கள், சிஸ்டர்" என்று கூச்சமின்றிக் கேட்டல், செவிலியரை மரியாதையோடு விளித்தல் ஆகியன நம் கடமைகள். கேட்பது நம் உரிமை என்பதை நம் முதியோர்க்கு யாரும் இதுவரை சொல்லிக் கொடுக்கவில்லை.

இவ்விடத்தில் நம் சங்கம் செய்யத்தக்கவை சிலவற்றை முன்வைக்கிறோம். மாலை வகுப்புகளில் மாதம் ஒரு நாளை நலவாழ்வுப் பேச்சுக்கு ஒதுக்கி, நம் செவிலியர் மகளிரையே ஆசிரியராக அமர்த்தலாம். மேல்வகுப்பு மாணவ மாணவியர், தெருவிலுள்ள எழுத்தறியாத முதியோருக்கு மருந்துச் சீட்டைப் படித்துச் சொல்லவும், ஒரு குறிப்பேட்டில் மாத்திரையின் வேளைகளை எழுதி வைக்கவும் பழகலாம். செவிலியர் பயிற்சிக்குச் செல்லும் மாணவியர்க்கு உதவித்தொகை வழங்கும் நாளிலேயே, பேச்சு முறையைப் பற்றி ஒரு மணி நேரம் மூத்த செவிலியரைக் கொண்டு பேசச் செய்யலாம். இவற்றிற்குப் பெரும்பொருள் தேவையில்லை. ஓர் அறையும், ஒரு கரும்பலகையும், மனமும் இருந்தால் போதும்.

பெரியோர்களே! நம் முன்னோர் எழுத்தைக் கேட்டுப் போராடினர். நீரைக் கேட்டுப் போராடினர். தெருவில் நடக்கப் போராடினர். அவற்றுள் பலவற்றைப் பெற்றுவிட்டோம், பெறவேண்டியனவும் உள. நோயுற்று உடல் தளர்ந்து கிடக்கும் வேளையில் "உங்களுக்கு என்ன செய்கிறது?" என்று ஒருவர் அமர்ந்து கேட்பதும், சொல்வதை இறுதிவரை செவிமடுப்பதும் அவ்வரிசையில் சேர்ந்தனவே. அவ்வுரிமையை நம் மக்களுக்கு மட்டுமன்றி, கட்டிலில் படுத்திருக்கும் எவருக்கும் வழங்கும் ஆற்றல் இன்று நம் மகளிர் கையில் இருக்கின்றது. அடுத்த இருபத்தைந்து ஆண்டுகளில் இச்சங்கம் இன்னும் பல செவிலியரை உருவாக்கும். அவர்கள் பணிபுரியும் வார்டுகளில் வாய் திறக்க அஞ்சும் நோயாளி ஒருவரும் இருக்கலாகாது என்று இவ்வெள்ளி விழாவில் நாம் உறுதி கொள்வோமாக.